தரையைப் பார், பிறகு இன்ஜினைப் பார்

பழைய கார், புது ஆள் – 11

போன வாரம் ஆல்ஃபா ரோமியோ ஜிடிவியைப் பற்றி எழுதும்போது, அமெரிக்காவில் அதற்கு ஒரு பெட்டி வண்டி தண்ணி காட்டியது என்று போகிறபோக்கில் சொல்லியிருந்தேன். அந்தப் பெட்டிதான் இந்த வாரம். டட்சன் 510.

பார்த்தால் ஒன்றுமே தெரியாது. சின்னப் பிள்ளையிடம் பென்சிலைக் கொடுத்து கார் வரையச் சொன்னால் வருமே, அதே வடிவம். நான்கு பேர் உட்காரலாம், டிக்கியில் பெட்டிகளை ஏற்றலாம், தினமும் வேலைக்குப் போய் வரலாம். 1968-ல் அமெரிக்காவில் இதன் விலை 1,996 டாலர். பிஎம்டபிள்யூ 1600 வாங்க அப்போது ஏறத்தாழ 2,500 டாலர் வேண்டும். இரண்டிலும் 1.6 லிட்டர் இன்ஜின், இரண்டிலும் சிலிண்டர் தலைக்கு மேலே சுழலும் கேம்ஷாஃப்ட், இரண்டிலும் நான்கு சக்கரத்துக்கும் தனித்தனி சஸ்பென்ஷன். ‘ஏழையின் பிஎம்டபிள்யூ’ என்று அமெரிக்கர்கள் வைத்த பெயரில் கேலி பாதி, மரியாதை பாதி.

நம்மில் பலருக்கு டட்சன் என்றால் ஒரகடத்தில் தயாராகி 2014-ல் விற்பனைக்கு வந்த ‘கோ’தான் ஞாபகத்துக்கு வரும். விலையைக் குறைப்பதற்காக எதையெல்லாம் எடுக்கலாமோ அதையெல்லாம் எடுத்துவிட்டு விற்ற வண்டி. 2022-ல் அந்தப் பெயரையே மூட்டை கட்டிவிட்டார்கள். 510-ம் மலிவு வண்டிதான். ஆனால் மலிவு வண்டியில் எதில் மட்டும் கை வைக்கக் கூடாது என்று தெரிந்தவர்கள் செய்த வண்டி.

ஜப்பானில் இதன் பெயர் புளூபேர்ட். இதற்கு முந்தைய புளூபேர்டை இத்தாலியின் பினின்ஃபரினா நிறுவனத்தைக் கொண்டு வடிவமைத்தார்கள். பின்பக்கம் சரிந்து இறங்கும் அந்த அழகு ஐரோப்பியக் கண்ணுக்குப் பிடித்திருக்கலாம். ஜப்பானியர்களுக்கு ‘தொங்கின வால்’ என்றே பட்டது. டொயோட்டா கொரோனா முந்திக்கொண்டு ஓடியது. அந்த அடியில் பாடம் படித்துத்தான் 1967 ஆகஸ்ட்டில் 510 வந்தது. கோடுகள் நேராயின. முன் கதவு ஜன்னலில் இருந்த முக்கோணக் கண்ணாடியை எடுத்துவிட்டார்கள். இன்று அது யார் கண்ணிலும் படாது. அன்று விளம்பரம் செய்யும் அளவுக்குப் புதுமை. உயர்ந்த ரகத்துக்கு எஸ்எஸ்எஸ் என்று பட்டம் கொடுத்தார்கள்: சூப்பர் ஸ்போர்ட்ஸ் செடான். இரட்டைக் கார்புரேட்டர், 100 குதிரைத்திறன். இந்தத் தொடரில் வந்த கார்களில் ‘ஸ்போர்ட்ஸ் செடான்’ என்று தன் மேலேயே பெயரை ஒட்டிக்கொண்டு வந்த வண்டி இதுதான்.

அமெரிக்காவுக்கு வந்ததில் ஒற்றைக் கார்புரேட்டர்தான். ஆனால் 1.6 லிட்டர் இன்ஜினே அங்கே வந்தது என்றால் அதற்குப் பின்னால் ஒரு மனிதரின் பிடிவாதம் இருக்கிறது. யுடாகா கதயாமா. 1958-ல் ஆஸ்திரேலியாவைச் சுற்றி ஓடும் பந்தயத்துக்கு இரண்டு டட்சன்களைக் கூட்டிப்போய், ஒன்றை அதன் பிரிவில் ஜெயிக்க வைத்துத் திரும்பியவர். இவ்வளவு துறுதுறுப்பான ஆளை என்ன செய்வது என்று தெரியாமல் 1960-ல் அமெரிக்காவுக்கு அனுப்பினார்கள்; அது பதவி உயர்வு இல்லை, ஓரங்கட்டல் என்றுதான் சொல்வார்கள். அனுப்பிய இடத்தில் வண்டி விற்று, 1965-ல் டட்சனின் தாய் நிறுவனமான நிசானின் அமெரிக்கக் கிளைக்கே தலைவரானார். ஜப்பானுக்கு 1300 சிசி போதும், அமெரிக்க நெடுஞ்சாலையில் நுழைந்து லாரிக்கு வழிவிடாமல் ஓட 1600 வேண்டும் என்று டோக்கியோவோடு மல்லுக்கு நின்றார். ‘மிஸ்டர் கே’ என்று ரசிகர்கள் அவரைக் கொண்டாடினார்கள். 2015-ல் 105 வயதில் காலமானார்.

அவர் கேட்டு வாங்கிய இன்ஜின் எல்16. 1,595 சிசி, இரும்பு பிளாக், அலுமினியத் தலை, டைமிங் பெல்ட் என்கிற தொல்லையே இல்லாத செயின். 83 மி.மீ. போர், 73.7 மி.மீ. ஸ்ட்ரோக். அதே அளவில் இன்னும் இரண்டு சிலிண்டரைச் சேர்த்தால் கிடைப்பதுதான் 240இசட் ஸ்போர்ட்ஸ் காரின் ஆறு சிலிண்டர் இன்ஜின். ஆக இன்ஜினும் குடும்பத்தில் பெரிய இடம்தான்.

பின் சஸ்பென்ஷன் இன்னும் பெரிய சமாச்சாரம். அந்தக் கால மலிவுக் கார்களில் பின்னால் ஒரே இரும்புத் தடி ஆக்ஸில், அதன் மேல் பட்டை ஸ்பிரிங். ஒரு சக்கரம் பள்ளத்தில் இறங்கினால் மறு சக்கரமும் சாய்ந்து ரோட்டில் பிடியை விடும். 510 செடானில் டிஃபரென்ஷியலை வண்டியின் உடம்போடு கட்டிவிட்டு, சக்கரங்களைத் தனித்தனிக் கைகளில் தொங்கவிட்டார்கள். மேடு பள்ளமான வளைவில் வேகமாகத் திரும்பிப் பார்த்தவர்களுக்குத்தான் இதன் அருமை தெரியும். ஸ்டேஷன் வேகன் ரகத்துக்கு இந்தப் பாக்கியம் இல்லை. அதில் பழைய தடியும் பட்டையும்தான். விலை குறைவாகக் கிடைக்கிறதே என்று வேகனை வாங்கிவிட்டு ‘510 இப்படியா ஓடும்?’ என்று கேட்கக் கூடாது.

1970-ல் கிழக்கு ஆப்பிரிக்க சஃபாரி ராலியில் எட்கர் ஹெர்மனும் ஹான்ஸ் ஷூலரும் 1600 எஸ்எஸ்எஸ்ஸில் ஜெயித்தார்கள். சேறும் புழுதியும் மாறி மாறி வரும் அந்த ராலியில் ஐரோப்பியப் பெரிய தலைகளே பாதி வழியில் படுத்துவிடும். அடுத்து அமெரிக்கா. லாஸ் ஏஞ்சல்ஸ் பக்கத்தில் எல் செகுண்டோவில் பட்டறை வைத்திருந்த பீட்டர் பிராக், ஷெல்பி டேடோனா கூப்பேயை வரைந்த அதே பிராக், 510-ஐப் பந்தயத்துக்குத் தயார் செய்தார். 46-ம் எண் வண்டியை ஓட்டியவர் ஜான் மார்ட்டன். 2.5 லிட்டருக்கு உட்பட்ட டிரான்ஸ்-ஆம் பிரிவில் 1971, 1972 இரண்டு ஆண்டும் பட்டம் டட்சனுக்கு. 1971-ல் ஆல்ஃபாவை ஓட்டிய ஹார்ஸ்ட் குவெக் கடைசிப் பந்தயம் வரை விடவில்லை. நடிகர் பால் நியூமன் பந்தயம் பழகிய ஆரம்ப நாட்களில் ஓட்டியதும் 510தான்.

இந்தப் பெருமையெல்லாம் இன்று வாங்கப் போகிறவரின் சட்டைப் பையிலிருந்துதான் போகிறது. மார்ட்டனின் வண்டி இரண்டு கதவு. ஆகவே எல்லோருக்கும் இரண்டு கதவுதான் வேண்டும். நல்ல நிலையில் இருக்கும் இரண்டு கதவு 510-க்கு 20,000 டாலருக்கு மேல் கேட்பது இப்போது அரிதல்ல. அதே தரையும் அதே இன்ஜினும் அதே சஸ்பென்ஷனும் கொண்ட நான்கு கதவு வண்டி கணிசமாகக் குறைவு. என்னைக் கேட்டால் நான்கு கதவுதான் வாங்க வேண்டும். ஸ்போர்ட்ஸ் செடானின் ருசியே பின் சீட்டில் ஆள் உட்கார்ந்திருக்கும்போது வளைவில் வேகமாகப் போவதில்தான் இருக்கிறது. இரண்டு கதவுதான் வேண்டும் என்றால் தனியாக ஸ்போர்ட்ஸ் காரே வாங்கிக்கொள்ளலாமே.

விற்ற காலத்தில் மலிவு என்பதால் யாரும் இதைப் பொத்திப் பாதுகாக்கவில்லை. அப்பா ஓட்டினார், பிறகு கல்லூரிக்குப் போகும் பையன் ஓட்டினான், அவனிடமிருந்து பந்தயக்காரர் வாங்கினார், மிச்சம் காயலான் கடைக்குப் போனது. எஞ்சியதைத் தின்றது துரு. அந்தக் காலத்து ஜப்பானியத் தகரம் மெல்லியது. துருத் தடுப்புப் பூச்சு என்று பெரிதாக எதுவும் கிடையாது. பனிக்காலத்தில் ரோட்டில் உப்புக் கொட்டும் ஊர்களில் இந்த வண்டிகள் எப்போதோ கரைந்துபோயின. அதனால்தான் வாங்க நினைப்பவர்கள் கலிஃபோர்னியா, அரிசோனா பக்கம் தேடுகிறார்கள்.

வறண்ட ஊர் வண்டி என்பதற்காகக் கண்ணை மூடிக்கொண்டு பணத்தை நீட்டிவிடக் கூடாது. விற்பவர் முதலில் பானெட்டைத் திறந்து இன்ஜினை உறும விடுவார். விடட்டும். நீங்கள் கதவைத் திறந்து கால்மிதியைத் தூக்குங்கள். அதற்கடியில் தரைத் தகரம். முன் கண்ணாடியின் ரப்பர் வெயிலில் வெடித்து, மழைத் தண்ணீர் உள்ளே இறங்கி, ஓட்டுநர் காலடியில் தேங்கி நிற்பது இந்த வண்டியின் பழைய வியாதி. அடுத்து டிக்கி. ஸ்டெப்னியை வெளியே எடுத்துவிட்டு அந்தக் குழியைப் பாருங்கள். பின் விளக்குகளின் ரப்பர் ஒழுகினால் தண்ணீர் சேருமிடம் அதுதான். பேட்டரி உட்காரும் தட்டு ஆசிட் பட்டு அரித்திருக்கும். கதவுக்குக் கீழே ஓடும் ரன்னிங் போர்டு, பின் சக்கர வளைவு, முன் ஃபெண்டரின் கீழ் நுனி, இந்த மூன்று இடத்திலும் விரலால் தட்டிப் பாருங்கள். தகரம் டங்கென்று கேட்கும், பட்டி மொத்தென்று கேட்கும். ஒரு சின்னக் காந்தம் கையிலிருந்தால் இன்னும் நல்லது. ஒட்டவில்லை என்றால் பெயின்டுக்கடியில் இருப்பது பட்டிதான்.

கடைசியாக ஜாக்கி போட்டு அடியில் படுத்து, நீளவாக்கில் ஓடும் ஃபிரேம் கம்பிகளையும் ஜாக்கி வைக்கும் இடங்களையும் பார்க்க வேண்டும். முன்பு யாராவது மட்டமாக வெல்டிங் செய்திருந்தால் அங்கேதான் தெரியும். புதிதாகத் தார் பூசியிருந்தால் எதையோ மறைக்கிறார்கள் என்றே வைத்துக்கொள்ளுங்கள். இன்ஜினுக்குப் பின்னாலுள்ள தடுப்புத் தகரத்தில் பிஎல்510 என்று தொடங்கும் சேஸிஸ் எண்ணைப் பதித்திருப்பார்கள். அது காகிதத்திலிருக்கும் எண்ணோடு ஒத்துப்போகவில்லை என்றால் பேச்சை அத்தோடு முடித்துக்கொண்டு வந்துவிட வேண்டும்.

இன்ஜினைப் பற்றி ஏன் இவ்வளவு அலட்சியம்? கெட்டால் மாற்றிக்கொள்ளலாம், அதனால்தான். புகை விட்டாலும் சரி, ஓடவே இல்லை என்றாலும் சரி, விலையைக் குறைத்துப் பேச அது நல்ல காரணம். எல்16 எடுத்த இடத்தில் நிசானின் பின்னாளைய எல்20பி, 1,952 சிசி, அப்படியே உட்காரும். வெளியிலிருந்து பார்ப்பவருக்கு வித்தியாசம் தெரியாது, ஓட்டுபவருக்கு ஏற்றத்தில் தெரியும். வால்வு இடைவெளியை வீட்டிலேயே சரிசெய்யலாம்: இன்ஜின் சூடாக இருக்கும்போது இன்டேக் 0.25 மி.மீ., எக்ஸாஸ்ட் 0.30 மி.மீ. சிலிண்டர் தலையைக் கழற்றும்போது மட்டும் டைமிங் செயினுக்கு நடுவே மரக்கட்டையைச் செருகி இறுக்கிவிட வேண்டும். மறந்தால் உள்ளே டென்ஷனர் கழன்று விழும். அரை நாள் வேலை முன்பக்க மூடி முழுவதையும் பிரிக்கும் வேலையாகிவிடும்.

நிசானின் உதிரிப்பாகக் கிடங்கு இதற்குத் தாய்வீடு. 280இசட்எக்ஸின் முன் சஸ்பென்ஷன் கால்களைக் கொஞ்சம் வேலை செய்து பொருத்தினால் பெரிய பிரேக் கிடைக்கும். நிசானின் பின்னாளைய நான்கு சிலிண்டர் கார்களின் எலக்ட்ரானிக் டிஸ்ட்ரிபியூட்டரைப் போட்டால் பாயின்ட் தேய்க்கும் வேலை மிச்சம். நெடுஞ்சாலை வேகத்தில் நான்காவது கியரிலேயே கத்திக்கொண்டிருக்கும் இன்ஜினுக்கு நிசானின் ஐந்து கியர் பெட்டி பெரிய ஆறுதல். நான் சொல்லும் மாற்றங்களில் முதலில் செய்ய வேண்டியது அதுதான். பின்னாலுள்ள ஆர்160 டிஃபரென்ஷியலின் வழித்தோன்றல்களை சுபாரு பல ஆண்டுகள் பயன்படுத்தியது. ஆகவே வழுக்காத டிஃபரென்ஷியல் வேண்டுமென்றால் 510-காரர்கள் சுபாரு உடைக்கும் யார்டுக்குப் போகிறார்கள், சில்லறை மாற்றங்களோடு மாட்டிக்கொள்கிறார்கள்.

அகப்படாதவை வேறு. வெயிலில் வெடிக்காத டாஷ்போர்டு, நெளியாத குரோம் பட்டை, கிரில், பின் விளக்குக் கண்ணாடி. இன்ஜினை விட இவற்றைத் தேடுவதுதான் பாடு. எனவே இரண்டு வண்டிகளுக்கு நடுவே தடுமாற்றம் வந்தால், ஓடும் ஆனால் குறையான வண்டியை விட, ஓடாத ஆனால் முழுமையான வண்டியை எடுங்கள். கலிஃபோர்னியாவில் 1975 வரையிலான கார்களுக்குப் புகைச் சோதனை கிடையாது என்பது பெரிய நிம்மதி; கார்புரேட்டரை மாற்றினாலும் கேள்வி இல்லை.

வண்டியைத் தாழ்த்துகிறவர்களுக்கு ஒரு வார்த்தை. முன்னே சொன்ன அந்தத் தனித்தனிக் கைகள், உடம்பு இறங்க இறங்கப் பின் சக்கரங்களை மேல்பக்கம் உள்நோக்கிச் சாய்க்கும். புகைப்படத்துக்கு நன்றாக இருக்கும், டயரின் உள்விளிம்பை மட்டும் தின்றுவிடும். பின் குறுக்குச் சட்டத்தில் துளையை நீட்டி கோணத்தைச் சரிசெய்யாமல் ஸ்பிரிங்கை வெட்டியவர்கள் டயர் கடைக்குத்தான் சம்பாதித்துக் கொடுக்கிறார்கள்.

இன்னொரு கூட்டம் எல்லாவற்றையும் தூக்கியெறிந்துவிட்டு நிசானின் டர்போ இன்ஜினான எஸ்ஆர்20டெட்டை உள்ளே வைக்கிறது. 200 குதிரைத்திறனைத் தாண்டும். வண்டியின் எடையோ டன்னுக்குச் சற்றுக் குறைவு. அதற்கேற்ப பிரேக்கையும் டிஃபரென்ஷியலையும் உடம்பின் விறைப்பையும் மாற்றினால் அசுர வண்டி. மாற்றாவிட்டால் ஆபத்து. அசல் பிரியர்கள் இதைப் பாவம் என்கிறார்கள். நான் அப்படி நினைக்கவில்லை. கெட்டுப்போன ஒரு உடம்பைக் காயலான் கடையிலிருந்து மீட்டு என்ன இன்ஜின் வேண்டுமானாலும் வைக்கட்டும். ஆனால் ஐம்பது வருடம் துருவுக்கும் பந்தயத்துக்கும் பையன்களுக்கும் தப்பி, அசல் பெயின்டோடும் அசல் எண்ணுள்ள எல்16-ஓடும் ஒரு நான்கு கதவு வண்டி கிடைத்தால், அதில் வெட்டரம் வைப்பதற்கு முன் பக்கத்து ஊரில் அதை விட மோசமான வண்டி ஒன்று விலைக்கு இருக்கிறதா என்று விசாரித்துவிடுங்கள். பெரும்பாலும் இருக்கும்.

(தொடரும்)