மூன்று படிகளில் எழும் மலைநாடு

மேட்டுநிலம் என்றதும் தக்காணத்தைப் போல அகன்று பரந்த நிலமே நினைவுக்கு வருமாயினும், இலங்கையின் மத்திய மலைநாடு அவ்வகையினதன்று; கரையோரத் தாழ்நிலம், இடைநிலம், உச்சிநிலம் என அது மூன்று படிகளில் எழுகிறது. தீவு தவணை தவணையாக உயர, ஒவ்வொரு தவணையிலும் ஆறுகள் அரித்துச் சமப்படுத்திய தளங்களே இப்படிகள் என 1929 இல் நிலவியலாளர் எப். டி. அடம்ஸ் கூற, பிளவுகள் வழியே நிலப்பாளங்கள் மேலே தள்ளப்பட்டதே காரணம் என மற்றொரு நிலவியலாளரான டி. என். வாடியா மறுத்தார். படிகளின் வரலாறு எதுவாயினும், அவற்றின் பாறை பெரும்பாலும் ஆழத்து வெப்பத்தாலும் அழுத்தத்தாலும் இயல்பு மாறிய மிகப் பழைய உருமாறிய பாறையே.

மேற்படியின் உச்சத்தில், 2,100 மீற்றருக்கு மேல் கிடக்கும் ஹோட்டன் சமவெளியின் தென்விளிம்பு, உலக முடிவு என்னுமிடத்தில் ஏறத்தாழ 870 மீற்றர் ஆழத்துக்குச் செங்குத்தாக இறங்குகிறது. 'பத்தனை' எனப்படும் அதன் புல்வெளியும், மரக்கிளைகளில் பாசி தொங்கும் முகில்காடும் மூடுபனியின் ஈரத்தைப் பிடித்து, மகாவலி, களனி, வளவை ஆகிய மூன்று கங்கைகளின் தலையூற்றுகளுக்கு நீர் வார்க்கின்றன.

தென்மேற்குப் பருவக்காற்று அட்டன் பக்கச் சரிவுகளில் மழையைக் கொட்டிவிட்டு, முகட்டைத் தாண்டி இறங்கும்போது அமுக்கப்பட்டுச் சூடேறி, ஊவாவில் வறண்ட கச்சானாக வீசுகிறது. ஊவாத் தேயிலையின் பெயர்பெற்ற மணம் அந்த வறட்சியின் கொடை. நுவரெலியாவிலோ சனவரி, பெப்ரவரி மாதங்களின் முகிலற்ற இரவுகளில் குளிர்ந்த காற்று, கனம் கூடுவதால், சரிவில் வழிந்து பள்ளத்தில் தேங்குகிறது. விடியலில் புல்லின் மேல் உப்புத் தூவியதுபோல் உறைபனி படிந்திருக்க, வெயிலேறியதும் பள்ளத்துக் கொழுந்து கருகிப்போக, சற்று மேலேயுள்ள நிரை பச்சையாகவே நிற்பதும் உண்டு.

படிகளுக்கு இடைப்பட்ட செங்குத்துச் சரிவுகளே இந்நிலத்தின் அபாயப் பகுதி. பாறைமேல் தங்கிய தளர்மண்ணில் மழைநீர் ஊறினால், மண் தன் பாரம் தாங்காது வழுக்கும். தோட்டங்களில் கான் வெட்டி நீரை வழிப்படுத்துவது மண்ணைக் காக்கும் வேலையாகவே கருதப்பட வேண்டும், அதைச் சில்லறைப் பராமரிப்பாக எண்ணுவது தவறு. 2014 ஒக்டோபர் 29 அன்று கொஸ்லந்தை மீரியபெத்தை தோட்டத்தில் தொழிலாளர் குடியிருப்புகளான லயங்களைப் புதைத்த மண்சரிவு, இம்மலைநாட்டின் தென்விளிம்புச் சரிவொன்றில்தான் நிகழ்ந்தது.