மௌனத் திரையில் தூக்குமேடை

ஒரகடத்து ஆலைக்கு வேலைக்குச் செல்லும் வடக்குப்பட்டு வாலிபன் ஒருவன், 1901-ம் வருஷத்து அமெரிக்க மரணதண்டனைப் படமொன்றை இன்று தன் கைப்பேசியிலேயே கண்டுவிடலாம். ஜனாதிபதி மக்கின்லியைச் சுட்டுக் கொன்ற சோல்கோஷ், அவ்வருஷம் அக்டோபர் 29-ந் தேதி ஆபர்ன் சிறையில் மின்சார நாற்காலியில் மாண்டான். எடிஸன் கம்பெனியார் சிறையின் மதிலை அன்றே படம் பிடித்து, உள்ளே நடந்ததை ஸ்டூடியோவில் நடிகர்களைக் கொண்டு நடத்திக் காட்டினர். மௌனப் படமாயினும், காமிரா சர்க்கார் பக்கம் நிற்பது பேசாமலே விளங்குகிறது.

நம் நாட்டில் நிலைமை விசித்திரமானது. திருச்சிராப்பள்ளி ரயில்வே உத்தியோகஸ்தராயிருந்த சாமிக்கண்ணு வின்சென்ட், 1905 முதல் ஊர் ஊராகக் கொண்டு சென்று காட்டியது இயேசுநாதர் சரிதம். அந்நிய ஏகாதிபத்தியத்தின் கவர்னர் ஒருவர், தன்னை ராஜா என்று சொல்லிக் கொண்டதாகக் குற்றஞ் சாட்டப்பட்டவரைச் சிலுவையில் அறையத் தீர்ப்பளித்த கதையல்லவா அது? இதைவிடப் பச்சையான ராஜத்துரோக வழக்கு வேறேது! ஆயினும், ஆள்வோரின் மதக் கதையாகையால் அதில் அபாயமிருப்பதாக எவருக்கும் தோன்றவில்லை.

புராணக் கதைக்கோ அந்தச் சலுகை கிட்டவில்லை. 1918-ல் ஸினிமாச் சட்டம் பிறந்தது. 1920-ல் சென்னையில் தணிக்கைக் குழு ஏற்பட்டது. மறுவருஷமே கோஹினூர் கம்பெனியாரின் 'பக்த விதுரர்' வந்தது. அதில் யாரும் தூக்கிலிடப்படவில்லை. விதுரர் கதராடையும் காந்தி குல்லாயும் அணிந்திருந்தார், அவ்வளவே. சென்னையிலும் கராச்சியிலும் படம் தடுக்கப்பட்டது. குல்லாயையே பொறாத அதிகாரிகள் தூக்குக் கயிற்றைத் திரையில் அனுமதிப்பார்களா?

1931 மார்ச் 14-ந் தேதி பம்பாயில் 'ஆலம் ஆரா' வெளிவந்து, இந்தியத் திரை முதன் முதலாகப் பேசிற்று. ஒன்பது நாள் கழித்து, மார்ச் 23-ந் தேதி மாலை, பகத் சிங்கும் ராஜகுருவும் சுகதேவும் லாகூர் சிறையில் தூக்கிலிடப்பட்டனர். தேச முழுதும் கடையடைப்பு, ஊர்வலம். அச்சுக் கூடங்கள் அவர்களுடைய வண்ணப் படங்களை வெளியிட, சர்க்கார் அவற்றைப் பறிமுதல் செய்தது. காகிதத்தில் ஒளித்து வைத்தேனும் பார்க்க முடிந்த அம்முகங்களைத் திரையில் காணச் சுதந்திரம் வரவேண்டியிருந்தது.

1799 அக்டோபர் 16-ந் தேதி கயத்தாற்றில் தூக்கிலிடப்பட்ட கட்டபொம்மன் கதை, 1959-ல், வண்ணமும் வசனமுமாகத் தமிழ்த் திரைக்கு வந்தது.