லக்பத் கரையும் அதன் நிலமும்

கண்ட்லாவிலும் காந்திதாமிலும் உத்தியோக நிமித்தமாக வாழும் நம்மவர் பலரும் புஜ் நகரம் வரை சென்றிருப்பார்கள். அதற்கும் மேற்கே, ஏறக்குறைய 135 கிலோமீட்டர் தொலைவில், லக்பத் என்றொரு கோட்டை உண்டு என்பதை அறிந்தோர் சிலரே. பரப்பில் நமது தேசத்தின் மிகப் பெரிய ஜில்லா கட்ச். அதன் அளவு 45,674 சதுர கிலோமீட்டர். 2011ஆம் ஆண்டின் ஜனக்கணக்குப்படி அங்கே சதுர கிலோமீட்டருக்கு 46 பேரே வசித்தனர். மேற்குக் கோடியான லக்பத் தாலுகாவில் நெருக்கம் அதனினும் குறைவு. கோட்டை மதில் ஏழு கிலோமீட்டர் நீளமுடையது. அதனுள்ளே வாழ்வோர் சில நூறு பேர். எஞ்சிய இடமெல்லாம் இடிந்த சுவரும் முட்புதருமே.

சில நூறு பேருக்காக எவரும் ஏழு கிலோமீட்டர் மதில் எழுப்பமாட்டார் அன்றோ? 1801இல் ஜமேதார் பதே முகம்மது அதை எழுப்பியபோது லக்பத் சிந்து தேசத்து வியாபாரத்தின் வாயிலாக விளங்கிற்று. நாளொன்றுக்கு லட்சம் கோரி வருமானம் வந்ததால் இப்பெயர் வாய்த்தது என்று ஒரு கதை சொல்வார்கள். கோரி என்பது கட்ச் சமஸ்தானத்தின் வெள்ளி நாணயம். கதையை அப்படியே நம்ப வேண்டியதில்லை. செழிப்பு இருந்தது மட்டும் உண்மை.

இவ்விடத்தின் அமைப்பைச் சற்று மனத்தில் வரைந்துகொள்வோம். வடக்கே ரண் என்னும் உப்புச் சேற்றுவெளி. மேற்கே கோரி என்னும் பெயருடைய அகன்ற கடற்கழி. தெற்கே அரபிக்கடல். உள்நாட்டிலே சுண்ணாம்புக்கல்லாலான தாழ்ந்த மேடுகள். மழையோ நன்றாகப் பெய்யும் வருஷத்திலும் சொற்பமே. இப்படிப்பட்ட பூமியில் ஒரு காலத்தில் நெல் விளைந்தது என்றால் வியப்பாக இருக்கும். அந்த நெல் மழையை நம்பி விளைந்ததன்று. சிந்து நதியின் கீழைக் கிளையொன்று ரண் வழியாக இறங்கிக் கோரிக் கழியில் கலந்தது. அதன் வெள்ளமே வயலுக்குப் பாய்ந்தது.

அந்த நீரை முதலில் நிறுத்தியவர் மனிதரே. 1762இல் கட்சின்மீது படையெடுத்த சிந்து மன்னர் குலாம் ஷா கல்ஹோரோ, பின்னர் தமது எல்லைக்குள்ளே ஆற்றின் குறுக்கே அணையிட்டார். பின்வந்த ஆட்சியாளரும் அதே வழியில் சென்றனர். நன்னீர் வராத வயலில் உப்பு ஏறிற்று, நெல் மறைந்தது.

அடுத்த தடையைப் பூமியே எழுப்பியது. 1819ஆம் ஆண்டு ஜூன் 16ஆம் தேதி பெரும் பூகம்பம் நிகழ்ந்தது. லக்பத்துக்கு வடக்கே, 80 கிலோமீட்டருக்கு மேற்பட்ட நீளத்துக்கு நிலம் திட்டாக உயர்ந்தது. சில இடங்களில் உயரம் 6 மீட்டர். அதன் தெற்கிலிருந்த நிலம் தாழ்ந்து கடல்நீர் புகுந்தது. சிந்த்ரி என்ற சிறு கோட்டை நீரில் மூழ்க, அங்கிருந்தோர் ஒரு கோபுரத்தின்மேல் ஏறி நின்று மறுநாள் படகில் கரைசேர்ந்தனர். மனிதர் கட்டிய அணைகளிலிருந்து பிரித்துக் காட்டுவதற்காக, புதிய திட்டினை 'அல்லா பந்த்', அதாவது ஆண்டவன் அணை, என்று மக்கள் அழைத்தனர். லக்பத் அருகே கழியின் ஆழம் முன்னிலும் கூடிற்று. ஆனால் கலம் மிதக்க உதவும் உப்புநீர் வயலுக்கு உதவுமா? 1826இல் ஒரு பெருவெள்ளம் அணைகளையும் திட்டையும் உடைத்துக்கொண்டு வந்தது. எனினும் பழைய ஆறு நிலையாகத் திரும்பவில்லை. வியாபாரமும் மெல்லத் தேய்ந்தது. 1947இல் சிந்து வேறு நாடாயிற்று, லக்பத் எல்லைப்புறமாயிற்று.

அரசாங்க ஏடுகளை மொழிபெயர்க்கும் நமக்கு இத்தகைய நிலங்களைப் பற்றிய ஒரு சங்கடம் உண்டு. வரி தராத நிலத்தை ஏடுகள் ஒரே சொல்லால் குறித்துவிடும். நாமும் 'பாழ்நிலம்' என்று எழுதிவிட்டு அடுத்த வரிக்குச் செல்வோம். லக்பத்தில் அச்சொல் பொருந்துமா என்று பாருங்கள்.

முட்புதர்க் காட்டில் சிங்காரா என்னும் சிறுமான் மேய்கிறது. அதற்காக 1981இல் 765 சதுர கிலோமீட்டர் நாராயண் சரோவர் சரணாலயமாக்கப்பட்டது. ஆனால் அந்நிலத்தின் அடியில் பழுப்பு நிலக்கரியும் சுண்ணாம்புக்கல்லும் இருந்தன. 1995இல் சரணாலயம் 444 சதுர கிலோமீட்டராகக் குறைக்கப்பட்டது. அவ்வட்டாரத்துப் பானந்த்ரோ நிலக்கரிச் சுரங்கத்தில் ஒரு பெரும் பாம்பின் 27 முதுகெலும்புகள் கிடைத்தன. ஏறத்தாழ 4 கோடியே 70 லட்சம் ஆண்டுகளுக்கு முன் வாழ்ந்த அதற்கு 2024இல் 'வாசுகி' என்று பெயரிட்டார்கள் விஞ்ஞானிகள். பொருத்தமான பெயர்தான்!

கழியோரத்தில் இருப்பவை நாம் பிச்சாவரத்திலும் முத்துப்பேட்டையிலும் கண்ட அலையாத்தி மரங்களே. இங்கே அவற்றுக்கு ஒரு புதுமையான விருந்தாளி உண்டு. 'கராய்' என்னும் ஒட்டகம் கடல்நீரில் நீந்தித் திட்டுகளுக்குச் சென்று அலையாத்தித் தழையை மேயும். 'காரா' என்றால் உப்பு. அதிலிருந்தே இப்பெயர் வந்தது. மழைக்காலத்தில் திட்டுப் பள்ளங்களில் நன்னீர் தேங்குவதால் மந்தை அங்கேயே பல நாள் தங்கும். இதை வளர்ப்போர் பகீரானி ஜாட், ரபாரி சமூகத்தார். ஏர் பிடிக்காமலும் வேலி போடாமலும் இவர்கள் ஒரு கடற்கரையையே மேய்ச்சல் நிலமாக ஆள்கின்றனர். 2015இல் கராய் தனி இனமாக அங்கீகாரம் பெற்றது.

இந்த மேய்ச்சல் முறைக்கு வேண்டியது ஒன்றே: கடல் தடையின்றி ஏறி இறங்க வேண்டும். வேலியேற்றம் வாராத இடத்தில் அலையாத்தி பட்டுப்போகும். கட்சின் கிழக்குப் பகுதியில், கண்ட்லாவை அடுத்து, கழிகளின் குறுக்கே கரைகள் போடப்பட்டபோது அதுவே நேர்ந்தது. ஒட்டகம் வளர்ப்போர் தேசியப் பசுமைத் தீர்ப்பாயத்தை அணுகினர். 2019இல் தீர்ப்பு அவர்கள் பக்கம் அமைந்தது. கழிகளில் நீர் செல்லத் தடையாயிருப்பவற்றை அகற்ற வேண்டும் என்று தீர்ப்பாயம் உத்தரவிட்டது.