சப்வே சர்ஃபர்ஸ் பழைய வெர்ஷன் வேணுமா? இருக்கும் கேமை அழிக்கும் முன் இதைப் படிங்க!

தண்டவாளத்தில் ஓடும் ஜேக், பின்னாலேயே துரத்தும் இன்ஸ்பெக்டர், கூடவே ஒரு நாய். 2012 மே மாதம் வெளியான சப்வே சர்ஃபர்ஸ் கேம் இன்றும் பலர் போனில் இருக்கிறது. ஆனால் சிலருக்கு வேண்டியது இப்போதைய கேம் இல்லை. பள்ளிக்கூட நாட்களில் அப்பா போனை வாங்கி விளையாடிய அந்தப் பழைய வெர்ஷன். பிளே ஸ்டோரில் தேடினால் அது கிடைக்காது. ஏன்?

டென்மார்க்கின் கிலூ, சைபோ நிறுவனங்கள் உருவாக்கிய இந்த கேம், 2013 ஜனவரியில் நியூயார்க்கில் 'வேர்ல்டு டூர்' கிளம்பியது. சில வாரங்களுக்கு ஒருமுறை ஊர் மாறும். ரியோ, ரோம் என்று சுற்றி நம்ம மும்பைக்கும் வந்தது. ஒவ்வொரு ஊரும் ஒரு அப்டேட். புதுசு வந்தால் பழசு போய்விடும்.

சரி, ஏபிகே ஃபைலை வெளியில் இருந்து டவுன்லோடு பண்ணிக்கலாமே? இங்கதான் சிக்கல்.

ஒவ்வொரு வெர்ஷனுக்கும் உள்ளுக்குள் ஒரு எண் உண்டு. போனில் இருப்பதைவிடக் குறைந்த எண் கொண்ட ஃபைலை அதன்மேல் இன்ஸ்டால் செய்ய ஆண்ட்ராய்டு விடாது. அப்போ இருக்கும் கேமை அன்இன்ஸ்டால் செய்தே ஆகணும். போனில் சேர்ந்திருக்கும் காயின், சாவி, கேரக்டர் எல்லாம் அதோடு போய்விடும். கணக்கில் சேமித்து வைக்காதவர்கள் மறுபடி முதலில் இருந்துதான் ஓட வேண்டும்.

இன்னொரு விஷயம் இதைவிட முக்கியம். ஒவ்வொரு ஆப்பிலும் அதை உருவாக்கியவரின் டிஜிட்டல் கையொப்பம் இருக்கும். ஒரிஜினல் போனில் இருக்கும்வரை, வேறு கையொப்பம் உள்ள ஃபைலை அதே ஆப்பின் அப்டேட்டாக ஆண்ட்ராய்டு ஏற்காது. ஒரிஜினலை அழித்துவிட்டால் ஒப்பிட்டுப் பார்க்க எதுவுமே இல்லை! 'அன்லிமிடெட் காயின்' என்று யாரோ மாற்றி வைத்த ஃபைலும் உள்ளே வந்துவிடலாம். இன்ஸ்டால் ஆனதும் எஸ்எம்எஸ் படிக்க அனுமதி கேட்டால் உடனே தூக்கிவிடுங்க. ஓடுற கேமுக்கு எஸ்எம்எஸ் எதுக்கு? ஓடிபி வருவது அங்கதானே.

இவ்வளவும் தாண்டி புது போனில் அது ஓடுமா என்பதும் சந்தேகம். ஆண்ட்ராய்டு 6-க்கு முந்தைய அமைப்புக்காக உருவான ஆப்களை ஆண்ட்ராய்டு 14 இன்ஸ்டால் செய்யவே விடாது. ஐபோனில் 2017-ல் வந்த ஐஓஎஸ் 11-லேயே 32 பிட் ஆப்களின் கதை முடிந்துவிட்டது.

இப்போது இருக்கும் வெர்ஷனே போதும், மாறக்கூடாது என்பவர்களுக்கு வழி சுலபம். பிளே ஸ்டோரில் கேம் பக்கத்தைத் திறந்து, மேலே உள்ள மூன்று புள்ளியைத் தொட்டு, ஆட்டோ அப்டேட் டிக்கை எடுத்துவிட்டால் போதும்.

வீட்டு பீரோவில் பழைய போன் ஏதாவது கிடக்கிறதா? சார்ஜ் போட்டு, கேம் இருக்கிறதா என்று பாருங்க. வைஃபையை மட்டும் அவசரப்பட்டு ஆன் பண்ணிடாதீங்க, அப்டேட் ஆகிவிடும்.