மலையடிவாரத்துப் பாகப்பிரிவினை

நாமக்கல்லிலிருந்து சேந்தமங்கலம் வழியே கொல்லிமலைக்குப் போகிறவர், காரவள்ளிக்கு மேல் 70 கொண்டையூசி வளைவுகளை எண்ணும் ஆவலில் கடந்துவிடுகிற காளப்பநாயக்கன்பட்டி, பெண்ணின் பிதுரார்ஜித உரிமையைப் பொறுத்தவரை இருவேறு தர்மங்களின் எல்லையில் நிற்கிறது.

மலைக்குக் கீழே, 1956-ஆம் ஆண்டின் இந்து வாரிசுரிமைச் சட்டம் தந்தையின் பங்கில் மட்டும் மகளுக்குப் பாத்தியதை தந்தது. தமிழ்நாட்டின் திருத்தம், 1989 மார்ச் 25-க்கு முன் மணமாகாதவளைப் பிறப்பாலேயே பங்காளியாக்கியது. 2005-இல் மத்திய அரசின் திருத்தம் மணமானவளையும் சேர்த்துக்கொண்டது. அத்திருத்தம் அமலுக்கு வந்த நாளில் தந்தை உயிரோடிருந்திருக்க வேண்டியதில்லை என்று 2020-இல் வினீதா சர்மா வழக்கில் சுப்ரீம் கோர்ட் தீர்த்தது.

சட்டம் இவ்வளவு தூரம் வந்தபின்பும் ஆசை தன் காரியத்தை விடுதலைப் பத்திரம் என்னும் நாலு தாளில் முடித்துக்கொள்கிறது. "நகை போட்டாச்சு, சீர் செஞ்சாச்சு, இன்னும் என்னம்மா பங்கு?" என்று அண்ணன் கேட்க, தாய் தலைகுனிந்திருக்க, கையெழுத்திடாவிட்டால் நாளை தன் பிள்ளையின் காதுகுத்துக்குத் தாய்மாமன் வருவானோ என்று கலங்கும் தங்கை, கையெழுத்தைப் போட்டுவிட்டுப் பிறந்த வீட்டு உறவை விலைக்கு வாங்கிக்கொள்கிறாள். அப்படி விட்டுக்கொடுத்த நிலம் சாலையோர மனையாகி விலை ஏறும்போது, கணவனின் தூண்டுதலால் தாவா போடுபவளும் உண்டு. பேராசையை ஆண்களின் ஏகபோகமென்று நான் சொல்லமாட்டேன். ஆயினும் பத்திரம் எழுதும் நாளில் பயப்படுகிறவள் பெரும்பாலும் சகோதரிதான்.

மலைமேல் நிலைமை வேறு. மிளகும் காபியும் விளைவிக்கும் மலையாளி எனப்படும் மலைவாசிகள் பட்டியல் பழங்குடியினர். இந்து வாரிசுரிமைச் சட்டத்தின் 2(2) பிரிவு அவர்களை விலக்கிவைத்திருக்கிறது. வழக்கத்தைக் காப்பதற்காக ஏற்பட்ட அந்த விலக்கு, சகோதரியை மறுக்க விரும்புவோர் நீதிமன்றத்தில் ஏந்தும் கேடயமாகவும் பயன்படுகிறது. 2022-இல் கமலா நேட்டி வழக்கில் பழங்குடிப் பெண்ணின் கோரிக்கையை ஏற்க இயலாத சுப்ரீம் கோர்ட், இவ்விலக்கை மறுபரிசீலனை செய்யுமாறு மத்திய அரசைக் கேட்டுக்கொண்டது. பெண்ணை விலக்கும் வழக்கம் நிரூபிக்கப்படாதபோது சமபங்கு மறுக்கலாகாது என்று 2025-இல் சத்தீஸ்கர் வழக்கொன்றில் அதே கோர்ட் தீர்ப்பளித்தது. ஆனால், ஒவ்வொரு மலைப்பெண்ணும் வழக்காடித்தான் இந்நியாயத்தைப் பெறவேண்டும் என்பது கொடுமை.

இதற்குப் புதிய சட்டம்கூட வேண்டாம். அதே 2(2) பிரிவு, அறிவிக்கை ஒன்றின் மூலம் விலக்கை நீக்கும் அதிகாரத்தை மத்திய அரசுக்கு அளித்திருக்கிறது. மலைவாசிகளை, முக்கியமாக அவர்களில் ஸ்திரீகளை, கலந்தாலோசித்து அரசு அவ்வறிவிக்கையைத் தாமதமின்றி வெளியிடவேண்டும்.