துண்டுகளைச் சேர்த்த தமிழர்

ஞானஸ்நானம், புதுநன்மை, திருமணம், தேர்ப்பவனி என எந்த நாள் வந்தாலும், எலவனாசூர்கோட்டைப் பகுதி இல்லங்களில் இன்று கைப்பேசியே படக்கருவி. படம் எடுப்பது எளிதாகிவிட்டது. அதைக் காப்பதுதான் அரிதாகிவிட்டது. படங்களைத் தேடித் திரட்டுவதையே தவமாகக் கொண்ட தமிழர் ஒருவரை இத்திங்கள் நம் குடும்பங்களுக்கு நினைவூட்ட விழைகிறோம்.

அவர் ஏ. கே. செட்டியார். 1911-ஆம் ஆண்டு செட்டிநாட்டுக் கோட்டையூரில் பிறந்தவர். இரங்கூனில் ‘தனவணிகன்’ இதழின் ஆசிரியராகப் பணியாற்றினார். பின்னர் ஜப்பானிலும் நியூயார்க்கிலும் புகைப்படக் கலை பயின்றார். 1937 அக்டோபர் 2-ஆம் நாள், காந்தியடிகளின் பிறந்த நாளன்று, நியூயார்க்கிலிருந்து டப்ளினுக்குக் கப்பலில் சென்றுகொண்டிருந்தார். அண்ணலின் வாழ்வைச் செய்திப்படமாக்க வேண்டும் என்ற எண்ணம் அப்போது அவர் உள்ளத்தில் எழுந்தது.

காந்தியடிகளைக் காட்டும் படத்துண்டுகள் பல நாடுகளில் சிதறிக் கிடந்தன. அவற்றைத் தேடி அவ்விளைஞர் ஏறத்தாழ ஒரு லட்சம் மைல் பயணம் செய்தார். முப்பது ஆண்டுகளில் நூறு பேர் அளவில் எடுத்திருந்த 50,000 அடிப் படச்சுருளைத் திரட்டி, அதிலிருந்து 12,000 அடிப் படத்தை உருவாக்கினார். அந்நியர் ஆட்சி நடந்த 1940-ஆம் ஆண்டிலேயே அது தமிழில் திரைக்கு வந்தது. 1953-இல் ஹாலிவுட்டில் அதன் ஆங்கில வடிவமும் உருவாயிற்று. 1943-இல் அவர் தொடங்கிய ‘குமரி மலர்’ இதழும், மறந்துபோன பழைய எழுத்துக்களைத் தேடி எடுத்து வெளியிட்டது. தம்மை முன்னிறுத்தாத அவர் 1983-இல் மறைந்தார்.

இத்தனை பாடுபட்டுச் சேர்த்த படமே பின்னர் மக்கள் பார்வையிலிருந்து மறைந்தது என்பதுதான் வேதனை. வரலாற்றறிஞர் ஆ. இரா. வேங்கடாசலபதியின் தேடலால், ஆங்கில வடிவம் 2000-களில் அமெரிக்கப் பல்கலைக்கழகம் ஒன்றில் கிடைத்தது. சேர்ப்பதற்கு ஒருவர் போதும். காப்பதற்கோ பலர் வேண்டும்.

ஐயாயிரம் பேருக்கு அப்பம் அளித்த நம் ஆண்டவர், மீந்த துண்டுகளையும் வீணாக்காமல் சேர்க்கச் சொன்னார். நம் இல்லத்து டிரங்குப் பெட்டிகளிலும் அத்தகைய துண்டுகள் உண்டு: தாத்தாவின் திருமணப் படம், பழைய பங்குத் திருவிழாப் படம், மறைந்த குருவானவருடன் சிறுவர்கள் நிற்கும் படம். அம்முகங்களை அடையாளம் காட்டக்கூடிய முதியோர் நம்மோடிருக்கும்போதே, பெயர், ஊர், ஆண்டு ஆகியவற்றைக் கேட்டுப் படத்தின் பின்புறம் பென்சிலால் எழுதி வைப்போம். பெயரெழுதாத முகம், பேரப்பிள்ளைகளின் காலத்தில் அயலார் முகமாகிவிடும்.