சட்டைக்குள் இருக்கும் சீருடை

பக்கத்து வீட்டுப் பெண் ரஷ்யாவில் மருத்துவம் படிக்கிறாள். போன விடுமுறைக்கு வந்தபோது நீலமும் வெள்ளையுமாகக் குறுக்குப் பட்டை போட்ட முழுக்கைப் பனியன் ஒன்றை என்னிடம் கொடுத்தாள். “மாமா, பாக்கறதுக்கு நம்மூருப் பனியனாட்டத்தான் இருக்குது. ஆனா அங்க இதுக்கு இருக்கற மரியாதையே வேற” என்றாள். திருப்பூரில் வாலிப வயதிலிருந்து பனியன் வெட்டிப் பிழைக்கிறவன் நான். பனியனுக்கு ஒரு தேசமே மரியாதை கொடுக்கிறது என்றால் விசாரிக்காமல் இருக்க முடியுமா? அன்றிலிருந்து இதைப் பற்றிக் கிடைத்ததையெல்லாம் படித்துக்கொண்டிருக்கிறேன்.

இதன் பெயர் தெல்னியாஷ்கா. ரஷ்யக் கடற்படைச் சிப்பாய் சீருடைக்கு அடியில், உடம்போடு ஒட்டிப் போட்டுக்கொள்ளும் உள்பனியன். மேல்சட்டையின் கழுத்து முன்பக்கம் திறந்திருக்கும். அந்த இடைவெளியில் நாலைந்து பட்டைகள் தெரியும், அவ்வளவுதான். ஆனால் அந்த நாலைந்து பட்டையை வைத்தே ‘இவன் மாலுமி’ என்று ரஷ்யாவில் சின்னக் குழந்தைகூடச் சொல்லிவிடும்.

கட்டிங் டேபிளில் விரித்து அளவுகோலை வைத்தால், ஒவ்வொரு பட்டையும் 11 மில்லிமீட்டருக்குக் கொஞ்சம் கூட இருக்கிறது. நீலமும் வெள்ளையும் ஒரே அகலம். துணிக்கடையில் பார்ப்பவர்களுக்கு இது சாதாரணக் கோடு. பின்னல் தொழிலில் இருப்பவர்களுக்குத்தான் இதில் உள்ள தொல்லை தெரியும். வட்ட நிட்டிங் மெஷினில் துணி குழாயாகச் சுற்றிச் சுற்றி இறங்குகிறது. மெஷினில் எத்தனை ஃபீடர் இருக்கிறதோ, ஒரு சுற்றுக்கு அத்தனை வரிசை பின்னல் விழும். இந்த அகலப் பட்டைக்கு ஏறக்குறைய 20 வரிசை வேண்டும். 80 ஃபீடர் மெஷின் என்றால் நீலக் கோன் 20, வெள்ளைக் கோன் 20 என்று மாற்றி மாற்றி இரண்டு முறை மாட்டினால் கணக்கு சரியாக வரும். ஆனால் பட்டை நேராக ஓடாது, திருகாணியின் மரைபோல மெல்ல மேலேறும். ஒரு முழுச் சுற்றுக்குள் 4 சென்டிமீட்டருக்கு மேல் ஏறிவிடும். பனியனின் ஒரு ஓரத்திலிருந்து மறு ஓரம் போவதற்குள்ளேயே கிட்டத்தட்ட ஒரு பட்டை அளவுக்கு ஏற்றம் வந்துவிடும். துணியை நேர்படுத்தாமல் வெட்டித் தைத்தால் பக்கத் தையலில் நீலத்தோடு வெள்ளை வந்து முட்டும். அக்குளுக்குக் கீழே இரண்டு பக்கமும் பட்டை பட்டையோடு சேருகிறதா என்று பார்த்தாலே தைத்தவர் கை எப்படிப்பட்டது என்று தெரிந்துவிடும்.

சாயமும் லேசுப்பட்டதல்ல. அடர்நீல நூலும் பால்வெள்ளை நூலும் ஒரே துணியில் பக்கத்துப் பக்கத்தில் கிடக்கின்றன. சாயம் நிற்காத நூலாக இருந்தால் முதல் அலசலிலேயே வெள்ளைப் பட்டை வெளிர்நீலமாகிவிடும். உப்புத் தண்ணீரிலும் வியர்வையிலும் தினமும் ஊறுகிற உடுப்புக்கு இப்படியொரு வடிவத்தை ஒரு அரசாங்கம் விதித்திருக்கிறது என்றால், காரணம் இல்லாமல் செய்திருக்க மாட்டார்கள்.

ரஷ்யாவின் பழைய நாள்காட்டிப்படி 1874 ஆகஸ்ட் 19. அன்றுதான் இந்தப் பனியன் கடற்படை உடுப்புப் பட்டியலில் முறைப்படி ஏறியது. ஜார் இரண்டாம் அலெக்சாந்தர் காலம். கடற்படையை நடத்தியவர் அவருடைய தம்பி கன்ஸ்தந்தீன் நிகலாயெவிச். படையில் சவுக்கடியை ஒழிக்கப் பாடுபட்டவர்களில் ஒருவர். அதே ஆண்டின் தொடக்கத்தில்தான் ரஷ்யாவில் எல்லாருக்குமான கட்டாய ராணுவ சேவை வந்தது. கடற்படைக்கு 7 ஆண்டு சேவை என்று ஆனது. அதற்கு முன்பு பண்ணையடிமைக் குடும்பத்துப் பையனைப் பிடித்துக்கொண்டு போனால் அவன் வாழ்நாளே அதில் கழிந்துவிடும். குறிப்பிட்ட காலத்துக்கு வந்து போகிற மனிதன் என்று ஆன பிறகு, அவன் உடம்புக்கு எது இதம் என்றும் யோசிக்க வேண்டியிருந்தது. அந்த யோசனையில் பிறந்தது இந்த உடுப்பு என்றே எனக்குத் தோன்றுகிறது.

அந்த 1874 ஆணையின் விவரக்குறிப்பைப் படித்தபோது, பையர் அனுப்புகிற ஸ்பெக் ஷீட்டைப் படிப்பதுபோலவே இருந்தது. கம்பளி பாதி, பருத்தி பாதி சேர்த்துப் பின்னியிருக்க வேண்டும். நிறம் வெள்ளை, அதில் குறுக்காக நீலக் கோடுகள். கோட்டுக்கும் கோட்டுக்கும் இடைவெளி ஒரு வெர்ஷோக், அதாவது 44 மில்லிமீட்டர். கோட்டின் அகலம் கால் வெர்ஷோக், அதாவது 11 மில்லிமீட்டர். எடை 80 ஸலத்னீக்குக்குக் குறையக் கூடாது. நம் கணக்கில் சுமார் 340 கிராம். இன்றைக்கு நாம் ஏற்றுமதி செய்யும் சாதாரண டீ-சர்ட்டைப் போல இரண்டு மடங்கு எடை. குளிரில் பாய்மரம் ஏறி வேலை செய்கிறவனுக்கு அது தேவை. கம்பளி கலந்ததால் ஈரத்திலும் சூடு தாங்கும். பின்னல் துணி என்பதால் கையைத் தூக்கினால் கூடவே நீளும், பிடித்து இழுக்காது. நெய்த துணிச் சட்டைக்கு அந்தக் குணம் கிடையாது.

ஆக, முதல் தெல்னியாஷ்கா இன்றைக்கு இருப்பதுபோல இல்லை. அகல வெள்ளையில் மெல்லிய நீலக் கோடு ஓடியது. இரண்டும் ஒரே அகலம் என்று ஆனது 1912-ல். அப்போது கம்பளி போய் முழுப் பருத்தியும் வந்தது. அதற்குப் பிறகு அரசு மாறியது, கொடி மாறியது, நாட்டின் பெயரே மாறியது. அந்தக் கால் வெர்ஷோக் மட்டும் மாறவில்லை.

வரி போட்ட பனியன் என்கிற யோசனை ரஷ்யாவில் பிறந்ததல்ல. பிரான்சின் மேற்குக் கரையில் பிரித்தானி என்கிற பகுதியின் மீனவர்களும் மாலுமிகளும் வெகுகாலமாகவே வரிப் பனியன் போட்டுவந்தார்கள். பிரெஞ்சுக் கடற்படை 1858 மார்ச் 27-ல் அதைச் சீருடையாக்கியது. அங்கே வெள்ளைப் பட்டை நீலத்தைப் போல இரண்டு மடங்கு அகலம், உடம்பில் 21 வெள்ளைப் பட்டை. நெப்போலியனின் 21 வெற்றிகளுக்கு ஒவ்வொன்று என்று அழகான கதை ஒன்று உலவுகிறது. பட்டைகள் எலும்புக்கூட்டின் விலாவைப்போல் தெரிந்தால் கடல் தேவதைகள் ‘இவன் ஏற்கெனவே செத்தவன்’ என்று விட்டுவிடுவார்களாம். அப்படியும் ஒரு கதை. எனக்குப் பிடித்தது சாதாரணமான காரணம்தான். வெள்ளைப் பாயின் முன்னால் நீலம் தெரியும், நீலக் கடலில் வெள்ளை தெரியும். தவறி விழுந்த மனிதனைத் தேடுகிற கண்ணுக்கு இரண்டு நிறமும் வேண்டும்.

ரஷ்யாவுக்கான பனியன்கள் முதலில் வெளிநாட்டிலிருந்து வந்தன. பிறகு பீட்டர்ஸ்பர்க்கில் கெர்ஸ்டன் என்பவரின் பின்னலாடை ஆலை செய்து தர ஆரம்பித்தது. புரட்சிக்குப் பிறகு அந்த ஆலை அரசுடைமையாகி ‘செங்கொடி’ என்று பெயர் பெற்றது. 1920-களில் அதன் புதுக் கட்டடங்களை வடிவமைக்க ஜெர்மானியக் கட்டடக் கலைஞர் எரிக் மெண்டல்சோனை அழைத்தார்கள். அங்குள்ள மின்நிலையத்தின் படத்தைப் பாருங்கள். வளைந்த முகப்போடு, தெருமுனையில் ஒரு கப்பலின் முன்பகுதி வந்து நிற்கிற மாதிரி இருக்கும். ஒரு பின்னலாடை ஆலைக்கு அவ்வளவு கம்பீரமான கட்டடத்தை நான் வேறெங்கும் பார்த்ததில்லை.

உள்பனியன் மானப் பிரச்சினையாக மாறியது கப்பலில் அல்ல, தரையில். 1917-ல் பெத்ரோகிராது (பீட்டர்ஸ்பர்க்) வீதிகளில் மார்புக்குக் குறுக்கே இயந்திரத் துப்பாக்கித் தோட்டா மாலையும், அதற்கடியில் வரிப் பனியனுமாக மாலுமிகள் நடந்தார்கள். புரட்சியின் படம் என்றாலே அதுதான் என்று ஆகிவிட்டது. ஆனால் 1921-ல் அதே புரட்சி அரசுக்கு எதிராகக் கிரோன்ஸ்டாட் கடற்படைத் தளத்தில் கிளர்ந்தவர்களும் அதே பனியன்காரர்கள்தான். உறைந்த கடலின் மேல் நடந்துபோய்ச் செஞ்சேனை அவர்களை ஒடுக்கியது. பனியனை வீரத்தின் சின்னம் என்று சொல்லும்போது இந்தப் பக்கத்தையும் சேர்த்துத்தான் சொல்ல வேண்டும். அது அதிகாரத்தின் உடுப்பாக மட்டும் ஒருநாளும் இருந்ததில்லை. 1936-ல் எடுத்த ‘நாங்கள் கிரோன்ஸ்டாட்காரர்கள்’ என்ற படத்தில், எதிரியிடம் பிடிபட்ட புரட்சி மாலுமிகளைக் கழுத்தில் கல்லைக் கட்டிப் பாறை உச்சியிலிருந்து கடலில் தள்ளுவார்கள். சோவியத் சிறுவர்கள் ஒரு தலைமுறையே அந்தக் காட்சியைப் பார்த்து வளர்ந்தது.

இரண்டாம் உலகப் போரில் லட்சக்கணக்கான மாலுமிகள் கப்பலை விட்டு இறங்கி ஒதெஸா, செவஸ்தபோல், லெனின்கிராது என்று தரையில் சண்டையிட்டார்கள். பலருக்குத் தரைப்படையின் காக்கி உடுப்பு கொடுக்கப்பட்டது. போட்டுக்கொண்டார்கள், ஆனால் உள்ளே பனியனைக் கழற்றவில்லை. தாக்குதலுக்குப் போகும்போது மேல்கோட்டை வீசிவிட்டுப் பனியனோடு ஓடினார்கள் என்று எத்தனையோ நினைவுக்குறிப்புகள் சொல்கின்றன. யோசித்துப் பாருங்கள்: பனியில் வெள்ளையும் நீலமும் துப்பாக்கிக்கு நல்ல குறி. மறைந்துகொள்ள உதவாத உடுப்பை வேண்டுமென்றே காட்டிக்கொண்டு ஓடுவதென்றால், பக்கத்தில் ஓடுகிறவன் தன்னவன் என்ற தைரியம் ஒன்றுதான் காரணமாக இருக்க முடியும். லியோனித் சோபலெவ் என்ற எழுத்தாளர் 1942-ல் இவர்களைப் பற்றிய கதைகளுக்குக் ‘கடலின் ஆன்மா’ என்று பெயர் வைத்தார். மாலுமிகள் தங்கள் பனியனை அப்படித்தான் அழைத்தார்கள்.

அந்தப் போரில்தான் வசீலி மர்கேலவ் கதையும் தொடங்குகிறது. அவர் தரைப்படை அதிகாரி. 1941-ன் பனிக்காலத்தில் பால்டிக் மாலுமிகளைக் கொண்டு அமைத்த ஒரு பனிச்சறுக்குப் படைப்பிரிவுக்குத் தலைவராகப் போனார். லதோகா ஏரிப் பக்கம் நடந்த சண்டையில் அவர் காயப்பட்டார், ஆட்கள் நிறையப் பேர் செத்தார்கள். அந்த மாலுமிகள் அவர் மனதை விட்டுப் போகவேயில்லை. 1954-ல் வான்படை வீரர்களுக்கு, அதாவது பாராசூட்டில் குதிக்கிறவர்களுக்குத் தளபதி ஆனபோது, தன் ஆட்களுக்கும் அந்தப் பனியன் வேண்டும் என்று பிடிவாதம் பிடித்தார். கடற்படைத் தலைவர் கர்ஷ்கோவ் இதை லேசில் விட்டுக்கொடுக்கவில்லை என்று சொல்வார்கள். கடைசியில் 1969 ஜூலையில் சோவியத் சீருடை விதிகளில் வான்படை வீரர்களின் வரிப் பனியனும் இடம்பெற்றது. நீலம் மட்டும் மாறியது: கடல்நீலத்துக்குப் பதில் வான்நீலம்.

நிற விஷயத்தில் பிறகு மற்ற படைகளும் வரிசையில் வந்தன. கடற்படைக் காலாட்படைக்குக் கறுப்பு, எல்லைக் காவலுக்குப் பச்சை, உள்நாட்டுப் படையின் சிறப்புப் பிரிவுக்குக் கருஞ்சிவப்பு, பேரிடர் மீட்புத் துறைக்கு ஆரஞ்சு. குளிர்காலத்துக்கு உள்பக்கம் பஞ்சுபோல் தேய்த்த தடித்த பனியன், கோடைக்குக் கையில்லாதது. இத்தனை நிறம் வந்ததில் மூலப் பனியனின் மதிப்பு கொஞ்சம் கரைந்துபோனது என்பது என் அபிப்பிராயம். எல்லாரும் போட்டுக்கொண்டால் அடையாளம் எப்படி நிற்கும்?

ஆனாலும் மக்கள் மனதில் அது நிற்கிறது. ‘நாம் கொஞ்சம் பேர்தான், ஆனால் வரிப் பனியன் போட்டவர்கள்’ என்று ரஷ்யர்கள் பேச்சுவாக்கில் சொல்வார்கள். மாஸ்கோ மேயர் முதல் மாடு மேய்ப்பவர் வரை எல்லாருக்கும் தெரிந்த கார்ட்டூன் பூனை ஒன்று உண்டு. உடம்பெல்லாம் வரி போட்ட அதன் பெயர் மத்ரோஸ்கின், மாலுமிப் பூனை. 1930-ல் வரோனெஷ் அருகே 12 பேர் பாராசூட்டில் குதித்த நாளான ஆகஸ்ட் 2 வான்படை வீரர் தினம். அன்றைக்கு ஓய்வுபெற்ற வீரர்கள் நீலத் தொப்பியும் வரிப் பனியனுமாக ஊர்ப் பூங்காக்களில் கூடி, நீரூற்றுகளில் இறங்கிக் குளிப்பார்கள். முடி நரைத்த மனிதர் தொப்பை மேல் இறுகிப்போன இருபது வயதுப் பனியனோடு நிற்கிற படங்களைப் பார்த்தால், அந்தத் துணி அவருக்கு என்னவென்று விளக்கம் தேவையில்லை.

இன்றைக்கு இதைப் பற்றி எழுதும்போது ஒன்றை ஒதுக்கிவிட முடியாது. சோவியத் நாடு உடைந்தபோது ரஷ்யாவோடு உக்ரைனுக்கும் இந்தப் பழக்கம் போனது. கீவிலும் வான்நீலப் பட்டை போட்ட வீரர்கள் ஆகஸ்ட் 2-ஐக் கொண்டாடினார்கள். 2014-ல் சண்டை மூண்ட பிறகு ஒரே பள்ளியில் பயின்ற ஒரே பட்டைக்காரர்கள் எதிரெதிரே நின்றார்கள். 2017-ல் உக்ரைன் தன் வீரர்களின் நீலத் தொப்பியைக் கருஞ்சிவப்பாக மாற்றி, அவர்களுடைய தினத்தையும் நவம்பர் 21-க்கு நகர்த்தியது. வான்படைக்கு வரிப் பனியனை வாங்கிக்கொடுத்த மர்கேலவ் 1908-ல் பிறந்த ஊர் யெகதெரினஸ்லாவ். இப்போது அதன் பெயர் தினிப்ரோ, உக்ரைனின் பெரிய நகரங்களில் ஒன்று. 2022-லிருந்து ரஷ்ய ஏவுகணைகள் அதன் மீது விழுந்துகொண்டிருக்கின்றன.